விசாரணைக்கு முன்பே எஃப்.ஐ.ஆரை ரத்து செய்ய முடியுமா?

'புகார் பொய் என்று என்னிடம் சாட்சி இருக்கிறது, உயர் நீதிமன்றம் வழக்கை ரத்து செய்யுமா?' என்று கேட்டிருக்கிறீர்கள். அந்த ஒரு காரணத்துக்காகப் பெரும்பாலும் செய்யாது.

ரத்து கேட்கும் மனுவை வக்கீல்கள் 'குவாஷ்' என்பார்கள். முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டம் 482. 2024 ஜூலை 1 முதல் அதன் இடத்தில் வந்த புதிய சட்டத்தில் (பி.என்.எஸ்.எஸ்.) பிரிவு 528. இது உயர் நீதிமன்றத்தின் அதிகாரம், மாஜிஸ்திரேட்டுக்குக் கிடையாது.

நீதிபதி முக்கியமாகப் பார்ப்பது இதைத்தான்: புகாரில் உள்ளது அத்தனையும் உண்மை என்றே வைத்துக்கொண்டாலும் அதில் குற்றம் இருக்கிறதா? இல்லையென்றால் ரத்து. சாட்சி சொல்வது உண்மையா பொய்யா என்பது விசாரணை நீதிமன்றத்தின் வேலை. ஹரியானா முன்னாள் முதல்வர் பஜன்லால் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஏழு சூழல்களை எடுத்துக்காட்டாகச் சொன்னது. பழிவாங்கும் நோக்கத்தோடு போட்ட வழக்கும் அதில் உண்டு. ஆனால் முகாந்திரம் இருக்கும் புகாரை, கொடுத்தவருக்குப் பகை என்பதற்காக மட்டும் தள்ளிவிட மாட்டார்கள். கடன் பாக்கி, ஒப்பந்தத் தகராறு போன்ற சிவில் விவகாரத்துக்கு மோசடிச் சாயம் பூசிய வழக்குகள்தான் அதிகம் ரத்தாகின்றன என்பது என் கணிப்பு.

சமரசம் ஆனாலும் ரத்து கேட்கலாம் (உச்ச நீதிமன்றத்தின் கியான் சிங் தீர்ப்பு, 2012). குடும்பத் தகராறு, பணத் தகராறுக்கு இது பொருந்தும். கொலை, பாலியல் வன்கொடுமைக்குப் பொருந்தாது.

குவாஷ் கிடைக்காவிட்டால், குற்றப்பத்திரிகை வந்த பிறகு விசாரணை நீதிமன்றத்திலேயே விடுவிப்பு மனு போடலாம். செஷன்ஸ் நீதிமன்றம் விசாரிக்கும் கடுமையான குற்ற வழக்கென்றால், அங்கே அனுப்பப்பட்ட நாளிலிருந்து 60 நாளுக்குள் போட வேண்டும்.