சிதறிக் கிடந்த அசாந்தே மக்களை ஒசேய் டூட்டூ எப்படிப் பேரரசாக்கினார்?

மேற்கு ஆப்பிரிக்காவின் அசாந்தே பேரரசு போரில் வென்றதால் மட்டும்தான் உருவானதா என்று கேட்கத் தோன்றலாம். போர் முக்கியம்தான், ஆனால் வென்ற பிறகும் கூட்டணி கலையாமல் பார்த்துக்கொண்டதுதான் பெரிய சாதனை என்பேன்.

இன்றைய கானாவின் காட்டுப் பகுதியில், 17-ஆம் நூற்றாண்டின் இறுதியில், குமாசியைச் சுற்றியிருந்த சிற்றரசுகள் டென்கிரா அரசுக்குக் கப்பம் கட்டி வந்தன. குமாசியின் தலைவரான ஒசேய் டூட்டூ அவற்றை ஒன்றுசேர்த்து, 1701-இல் ஃபெயாசே போரில் டென்கிராவைத் தோற்கடித்தார். கடற்கரைக்குப் போகும் தங்க, அடிமை வணிகத்தின் பாதை அதனால் திறந்தது, துப்பாக்கிகளும் வந்தன.

சரி, தங்களுக்கென்று தனி அரியணை வைத்திருந்த தலைவர்கள் ஏன் ஒருவருக்குப் பணிந்தார்கள்? இங்கேதான் டூட்டூவின் பூசாரி அனோக்கியே வருகிறார். மரபுக் கதைப்படி, ஒரு வெள்ளிக்கிழமை அவர் வானிலிருந்து பொன் முக்காலியை (அங்கே அரியணை என்பது முக்காலிதான்) வரவழைக்க, அது மெல்ல இறங்கி டூட்டூவின் மடியில் அமர்ந்தது. இனத்தின் ஆன்மாவே அதில் இருப்பதாக நம்பினார்கள். அதனால் அதில் யாருமே உட்காருவதில்லை, அரசர்கூட! அரசர் போனாலும் முக்காலி இருக்கும். விசுவாசம் ஆளுக்கு அல்ல, இனத்துக்கு என்றாகிவிட்டது. எவ்வளவு ஆழமான யோசனை!

ஒருவர் பூர்வீகத்தை இன்னொருவர் கிளறக்கூடாது என்ற விதியும் இருந்தது. அப்புறம் ஆண்டுதோறும் ஒட்விரா விழா. தலைவர்கள் தலைநகரான குமாசிக்கு வந்து விசுவாசத்தைப் புதுப்பிக்க வேண்டும். படையையும் முன்னணி, வலம், இடம், பின்னணி என்று பிரித்து ஆளுக்கொரு பொறுப்பு கொடுத்திருந்தார்கள்.

அகியெம் என்ற அண்டை அரசின் மீதான போரில் பிரா ஆற்றைக் கடக்கும்போது டூட்டூ கொல்லப்பட்டார். அரசு உடையவில்லை; அடுத்து வந்த ஒபோக்கு வாரே அதை இன்னும் விரிவாக்கினார்.