ஏன் இன்னும் 1.8.9?

தம்பி, காட்பாடி ஹாஸ்டல் போட்டியில் மைன்கிராஃப்ட் கணினி விளையாட்டின் பழைய பதிப்பான 1.8.9 மட்டும்தான் என்கிறார்கள், புதிய பதிப்பான 1.21 பழகிய நீங்கள் தோற்றுக்கொண்டே இருக்கிறீர்கள், பழசைக் கட்டிக்கொண்டு ஏன் அழ வேண்டும் என்று கேட்டிருக்கிறீர்கள். காரணம் சண்டைதான்.

2016 பிப்ரவரியில் வந்த 1.9, ஒவ்வொரு அடிக்குப் பிறகும் காத்திருக்க வைத்தது. வாள் முழு பலத்துக்கு வர அரை நொடிக்குச் சற்று மேல் ஆகும். அவசரப்பட்டால் அடி சப்பென்று போகும். 1.8 வரிசையின் கடைசியான 1.8.9-இல் அந்தத் தொல்லை இல்லை. அடிபட்டவருக்கு அரை நொடிக்கு அடுத்த அடி ஏறாது, அவ்வளவுதான். அது முடிந்த கணத்தில் யார் கிளிக் முந்துகிறதோ அவர் கை ஓங்கும். வாளாலேயே தடுக்கலாம். தூண்டிலை வீசி எதிராளியைத் தள்ளிவிட்டு சட்டென்று வாளுக்கு மாறலாம். கேடயத்துக்குப் பின்னால் பதுங்கும் புதுச் சண்டை எனக்குப் பிடிக்கவே இல்லை.

அப்புறம், 1.8.9 கணினிக்கு லேசானது. வேலூர் மே மாதத்தில் லேப்டாப்புக்கும் அது புண்ணியம்.

அதிகாரப்பூர்வ லாஞ்சரில் (விளையாட்டைத் திறக்கும் செயலி) இன்ஸ்டலேஷன்ஸ் பக்கம் போய் 1.8.9 சேருங்கள், தனி ஃபோல்டர் கொடுங்கள். 1.21 உலகத்தை 1.8.9-இல் திறந்தால் கெட்டுவிடும். பென்டிரைவில் வரும் திருட்டு லாஞ்சர் மட்டும் வேண்டாம். 2021 டிசம்பரில் தெரியவந்த லாக்4ஜே என்ற பாதுகாப்பு ஓட்டை 1.8.9-இலும் உண்டு, அதிகாரப்பூர்வ லாஞ்சர் அதை அடைத்துத் தருகிறது. சர்வரில் தனியாக அடைக்க வேண்டும், அதை நடத்தும் சீனியரிடம் கேட்டுவிட்டே சேருங்கள்.