இரண்டு அடுப்பு – கடிதம்

அன்புள்ள ஐயா,

திருச்சியில், மறைந்த அப்பா கட்டிய வீட்டில் அம்மா, நான், தம்பி, மனைவிமார், பிள்ளைகள் என்று 9 பேர் இருக்கிறோம். 20 வருஷமாக ஒரே சமையல். போன மாதம் தம்பி மனைவி, மாடியில் தனியாகச் சமைத்துக்கொள்கிறேன் என்றார். சண்டை ஒன்றும் இல்லை. காலை 6.30க்கு வேலைக்குக் கிளம்புகிறவர், நேரம் ஒத்துவரவில்லை. அம்மா மூன்று நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை. "அடுப்பு ரெண்டானா குடும்பம் ரெண்டு" என்கிறார். கூட்டுக்குடும்பம் என்பதே முடிந்துவிட்டதா?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

உங்கள் அம்மா சொல்வதைத்தான் அரசாங்கமும் சொல்கிறது. மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் குடும்பம் என்றால் சேர்ந்து வசித்து ஒரே சமையலறையில் உண்பவர்கள். ரத்த உறவாக இருக்க வேண்டும் என்றுகூட இல்லை. தனி ரேஷன் கார்டு கேட்டாலும் தனிச் சமையல் உண்டா என்றுதான் பார்ப்பார்கள். ஆக, மாடியில் குக்கர் விசில் அடித்த அன்றே கணக்குப்படி நீங்கள் இரண்டு குடும்பம்.

ஆனால் உங்கள் ஊரிலிருந்து காரைக்குடி இரண்டு மணி நேரம்தான். அந்தப் பக்கத்து நகரத்தார் (நாட்டுக்கோட்டைச் செட்டியார்) வீடுகளில் 'வேறு வைப்பது' என்றொரு வழக்கம் இருந்தது. மகனுக்குக் கல்யாணமானதும் பெற்றோரே பாத்திரம் பண்டம் கொடுத்துத் தனிச் சமையலுக்கு ஏற்பாடு செய்வார்கள். வளவு எனும் உள்முற்றத்தைச் சுற்றி ஆளுக்கோர் அறை, ஆளுக்கோர் அடுப்பு, எல்லாருக்கும் ஒரே தலைவாசல். கோயில் கணக்கிலும் கல்யாணமான தம்பதி தனிப் 'புள்ளி', வரியும் தனி. விசேஷம் என்றால் அதே வீட்டில் எல்லாரும் ஒன்றாகப் பந்தி. பர்மா, மலேயா என்று ஆண்கள் வருஷக்கணக்கில் வெளியே இருந்த வீடுகள் அவை. செலவுக் கணக்கு கலந்தால் மனஸ்தாபமும் கலக்கும் என்று அந்த வியாபாரிகளுக்குத் தெரியாதா என்ன.

என் பாட்டி வீட்டில் 14 பேருக்கு ஒரே உலை. அதை நினைத்து இன்றைக்கும் உருகுகிறவர்கள் எல்லாரும் முதல் பந்தியில் உட்கார்ந்தவர்கள். கடைசியாகச் சாப்பிட்ட என் அம்மா உருகி நான் பார்த்ததில்லை. அவர் முறை வரும்போது அப்பளம் நமுத்திருக்கும், அல்லது தீர்ந்திருக்கும்.

உங்கள் கடிதத்தில் தம்பி மனைவி பேசுகிறார், அம்மா பேசுகிறார். இந்த 20 வருஷமாகக் கரண்டி பிடித்தது யார், உங்கள் மனைவி இதற்கு என்ன சொன்னார் என்று ஒரு வரி இல்லை. கேட்டுப் பாருங்கள்.

அப்புறம், நீங்கள் எழுதாமல் விட்ட இன்னொன்று: இனி அம்மாவுக்குச் சாப்பாடு எங்கே? அவர் மூன்று நாளாக மனதில் போட்டு உழப்புவது அதுவாகவும் இருக்கலாம். தயவுசெய்து மாதம் ஒருவர் என்று முறை போட்டுவிடாதீர்கள். எங்கள் தெருவில் ஒரு பெரியவர் அப்படித்தான் ஒன்றாம் தேதி தோறும் மாத்திரை டப்பாவைத் தூக்கிக்கொண்டு மாடி ஏறுவதும் இறங்குவதுமாக இருந்தார். 28 நாள் பிப்ரவரி யாருக்கு என்று அங்கே சண்டையே வந்தது. உங்கள் அம்மா எந்த அடுப்பில் வேண்டுமானாலும் சாப்பிடட்டும், சமைக்கவும் செய்யட்டும். பொங்கலும் அப்பாவின் திதியும் கீழே ஒரே சமையலாக இருக்கட்டும்.

மாடியில் பால் காய்ச்சும் நாளை அம்மாவே பார்த்துச் சொல்லட்டும். முதல் பாத்திரத்தையும் அம்மா கையாலேயே வாங்கிக்கொள்ளத் தம்பி மனைவியிடம் சொல்லுங்கள்.