சிங்கப்பூரில் போர்க்கால நடைச்சுற்றுலாவுக்குப் பணம் கொடுத்துப் போவது வீணா?

உங்கள் கேள்வி இது: அப்பா அம்மா முதல்முறையாகச் சிங்கப்பூர் வருகிறார்கள், இரண்டாம் உலகப் போர் நடந்த இடங்களை வழிகாட்டியோடு நடந்து பார்க்கும் சுற்றுலாவுக்குப் பணம் கட்டுவது வீணா, கைப்பேசி வரைபடத்தை வைத்துக்கொண்டு நாமே சுற்றிவிடலாமா?

பணம் வீணாகாது. போங்கள். ஆனால் நடக்கும்போது வாயை மூடிக்கொண்டு நடங்கள். இதை அனுபவப்பட்டவனாகச் சொல்கிறேன்.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். நான் வரலாறு படித்தவன் இல்லை. பன்னிரண்டு ஆண்டுகளாக இந்த ஊரில் கணக்கு எழுதிப் பிழைக்கிறவன். ஆகவே தேதியைத் திருத்துவதற்காகவே காத்திருக்கும் நண்பர்கள் கொஞ்சம் பொறுமையாக வாசிக்கவும்.

நீங்களே சுற்றினால் என்ன பார்ப்பீர்கள்? தோபி காட் நிலையத்தை விட்டு வெளியே வந்தால் கேத்தே கட்டிடம். 1939 இல் திறந்தபோது இந்த ஊரின் முதல் வானளாவிய கட்டிடம், குளிர்சாதனம் பொருத்திய திரையரங்கோடு. இன்று பழைய முகப்பு மட்டும்தான் மிச்சம். சாலையைக் கடந்தால் ஒய்.எம்.சி.ஏ. ஜப்பானிய ராணுவப் போலீசான கெம்பித்தாய், பிடித்துவந்தவர்களை அடைத்துவைத்துச் சித்திரவதை செய்த பழைய கட்டிடத்தை 1981 இல் இடித்துவிட்டார்கள். இப்போது அதே இடத்தில் விடுதி நடக்கிறது. எஸ்பிளனேட் பூங்காவில் ஐ.என்.ஏ., அதாவது நேதாஜியின் இந்திய தேசியப் படைக்கு நினைவுச்சின்னம் இருந்தது; அதையும் தகர்த்தாகிவிட்டது. ஆக, இல்லாதவற்றைத்தான் பார்க்கப் போகிறீர்கள். இல்லாததை வரைபடம் காட்டாது, யாராவது வாயால் சொல்ல வேண்டும். வழிகாட்டிக்குக் கொடுக்கும் பணம் அதற்குத்தான்.

இனி என் கதை.

போன ஆண்டு பிப்ரவரியில் அப்பா வந்திருந்தார். வயது எழுபத்துநான்கு. மிருகக்காட்சிசாலை, முஸ்தபா, கடற்கரைப் பூங்கா எல்லாம் ஐந்து நாளில் தீர்ந்துபோயின. ஆறாம் நாள் காலை ஒன்பது மணி நடைக்குப் பதிவு செய்தேன். அதற்குக் காரணம் உண்டு. எங்கள் வீட்டில் ஒரு பெருமை இருந்தது. என் தாத்தாவின் அண்ணன், அதாவது அப்பாவுக்குப் பெரியப்பா, முப்பதுகளில் நாகப்பட்டினத்தில் கப்பல் ஏறி மலாயாவுக்குப் போனவர். ரப்பர் தோட்டத்தில் பால் சீவினார், பிறகு நேதாஜியின் படையில் சேர்ந்து உயிர்விட்டார் என்பது ஊரறிந்த செய்தி. கூடத்தில் நேதாஜி படம் உண்டு. எனக்கு நினைவு தெரிந்த நாள் முதல் ஆகஸ்ட் 15 அன்று பள்ளிக்கூடத்தில் தாத்தாவை முன்வரிசையில் உட்காரவைப்பார்கள். எனக்கும் ஒரு மிட்டாய் கூடுதலாகக் கிடைக்கும்.

மொத்தம் பதினொரு பேர். ஆஸ்திரேலியாவிலிருந்து ஒரு தம்பதி, உள்ளூர் ஆசிரியை ஒருவர், மற்றவர்கள் முகம் நினைவில்லை. வழிகாட்டி ஐம்பது வயதைத் தாண்டிய சீனப் பெண்மணி. குரலை உயர்த்தாமல் எல்லாருக்கும் கேட்கும்படி பேசத் தெரிந்தவர். அந்தக் கலை எங்கள் அலுவலகத்தில் ஒருவருக்கும் வராது.

கேத்தே முகப்பின் அடியில் நின்று சொன்னார்: 1943 அக்டோபர் 21 அன்று சுபாஷ் சந்திர போஸ் சுதந்திர இந்தியாவின் தற்காலிக அரசாங்கத்தை அறிவித்தது இங்கேதான். சொல்லிவிட்டு, "உங்களில் யாருக்காவது அந்தக் காலத்தோடு குடும்பத் தொடர்பு உண்டா?" என்று கேட்டார். என் கை தானாக எழும்பியது. பெரிய தாத்தா ஐ.என்.ஏ. வீரர் என்றேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். இம்பால் போர்முனையில் இறந்தார் என்றும் சேர்த்தேன். இம்பாலை எங்கள் வீட்டில் யாரும் சொன்னதில்லை, அந்த நிமிடத்தில் நாக்கில் வந்தது. பத்துப் பேரும் அப்பாவைத் திரும்பிப் பார்த்தார்கள். ஆஸ்திரேலியர் கை குலுக்கினார். அப்பா என்னை ஒரு மாதிரி பார்த்தார். வெயிலால் என்று நினைத்துக்கொண்டேன்.

அடுத்து ஃபோர்ட் கேனிங் குன்று. அதன் அடியில் ஒன்பது மீட்டர் ஆழத்தில் பிரிட்டிஷாரின் சுரங்கத் தலைமையகம் இருக்கிறது. 1942 பிப்ரவரி 15 காலை பிரிட்டிஷ் படைத்தலைவர் பெர்சிவல் தன் தளபதிகளைக் கூட்டிச் சரணடைவது என்று முடிவெடுத்தது அதற்குள்தான். அன்று சீனப் புத்தாண்டு. குடிநீர் தீர்ந்துகொண்டிருந்தது, பெட்ரோல் இல்லை, நகரத்தில் லட்சக்கணக்கான மக்கள். எதிரில் இருந்த ஜப்பானியத் தளபதி யமாஷிதாவிடமும் குண்டுகள் தீரும் நிலைதான், அது பெர்சிவலுக்குத் தெரியாது. இதை வழிகாட்டி சொன்ன விதத்தில் அந்தத் தாழ்ந்த கூரையின் கீழ் எனக்கே மூச்சு முட்டியது. சரணடைவில் கையெழுத்திட்டது இங்கே இல்லை, புக்கிட் தீமாவிலுள்ள ஃபோர்டு கார் தொழிற்சாலையில். அதற்குத் தனியாகப் பஸ் பிடிக்க வேண்டும்.

குன்றை விட்டு இறங்கும் படிகளில்தான் அப்பாவின் செருப்பு வாயைப் பிளந்தது. இந்தப் பயணத்துக்கென்று எங்கள் ஊர்ப் பஸ் நிலையத்துக்கு எதிரே உள்ள கடையில் 1,850 ரூபாய் கொடுத்து வாங்கிய புதுச் செருப்பு. ஒட்டுப்போட்ட பசை ஆறு நாள்கூடத் தாங்கவில்லை. கைக்குட்டையால் கட்டி நடக்கவைத்தேன். ஊருக்குத் திரும்பியதும் என் தம்பி அதைக் கடைக்கு எடுத்துப் போனான். கடைக்காரர் சொன்ன பதில்: "வெளிநாட்டில் போட்டு நடந்ததற்கு நாங்கள் பொறுப்பில்லை." செருப்புக்குப் பாஸ்போர்ட் கேட்காததுதான் பாக்கி! ரசீதைக் காட்டினால் அதன் பின்பக்கத்தில் எறும்பு எழுத்தில் ஏதோ அச்சடித்திருக்கிறதாம். விற்ற பொருளைத் திரும்பப் பார்ப்பதே பாவம் என்று நினைக்கிற கடைகளுக்கு நாம்தான் வரிசையில் நின்று பணம் கொடுக்கிறோம். கேள்விக்கும் இதற்கும் சம்பந்தமில்லை என்று தெரியும். ஆனாலும் சொல்லாவிட்டால் ஆறாது. உங்கள் அப்பாவுக்குப் பழகிய செருப்பையே போட்டு அழைத்து வாருங்கள்.

குன்றின் மறுபுறம் டேங்க் சாலையில் செட்டியார்களின் தெண்டாயுதபாணி கோயில். நடையில் அது வராது. நேதாஜியை அங்கே அழைத்தபோது எல்லாச் சாதியாரும் எல்லா மதத்தாரும் உள்ளே வரலாம் என்றால்தான் வருவேன் என்றார், அப்படியே எல்லாரோடும் போனார் என்று சொல்வார்கள். பெற்றோரோடு போகிறவர்கள் அதையும் பார்த்துவிடலாம்.

பாடாங் மைதானத்தைத் தாண்டிப் பூங்காவுக்கு வந்தோம். ஐ.என்.ஏ. நினைவுச்சின்னத்துக்கு நேதாஜி 1945 ஜூலை 8 அன்று அடிக்கல் நாட்டினார். அடுத்த மாதமே ஜப்பான் சரணடைந்தது. செப்டம்பரில் திரும்பி வந்த பிரிட்டிஷார் வெடிவைத்துத் தகர்த்தார்கள். ஐம்பது ஆண்டு கழித்து, 1995 இல், விரித்த புத்தகம் போல ஓர் அடையாளக் கல்லை நட்டிருக்கிறார்கள். அதில் தமிழும் உண்டு. அப்பா குனிந்து, எழுத்துக்கூட்டுகிறவர் போல மெல்ல, முழுவதையும் வாய்விட்டு வாசித்தார். வழிகாட்டி அவரைக் கல்லின் பக்கத்தில் நிற்கச் சொன்னார், படம் எடுக்க. ஆஸ்திரேலிய அம்மாள் தொப்பியைக் கழற்றிவிட்டார்.

அப்பா நிற்கவில்லை. என் சட்டைக் கையைப் பிடித்து இழுத்தார்.

"தம்பி, பெரியப்பா பட்டாளத்தில் இல்லை."

"என்ன அப்பா சொல்கிறீர்கள்?"

"சயாமுக்கு ரயில் பாதை போடக் கொண்டுபோனார்கள். வாந்திபேதியில் போய்விட்டார். கூட இருந்து தப்பியவர் நாற்பத்தாறில் ஊருக்கு வந்து உன் தாத்தாவிடம் சொன்னார்."

"பிறகு எதற்கு இத்தனை வருடமாக..."

"உன் பெரிய அத்தைப் பாட்டிக்கு அப்போது மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருந்தார்கள். கூலியாய்ப் போய்க் கேட்பாரற்றுச் செத்தவன் தங்கை என்றால் யார் பெண் எடுப்பார்கள்? அந்த வருடம் ஊரெங்கும் நேதாஜி பேச்சு."

என்ன சொல்கிறார் என்று வழிகாட்டி கேட்டார். எனக்கு இரண்டு வழி இருந்தது. "கால் வலிக்கிறது என்கிறார்" என்றேன். கைக்குட்டை கட்டிய செருப்பைப் பார்த்த எல்லாரும் நம்பினார்கள். அப்பாவுக்கு அந்த அளவு ஆங்கிலம் புரியும்.

கடைசி நிறுத்தம் பீச் சாலையில் உள்ள குடிமக்கள் போர் நினைவுச்சின்னம். நான்கு உயரமான வெள்ளைத் தூண்கள், அடியில் நான்கு மொழிகளில் எழுத்து. சரணடைந்த சில நாட்களில் சீன ஆண்களை வரிசையில் நிறுத்திச் சலித்தெடுத்து, கடற்கரைகளுக்குக் கொண்டுபோய்ச் சுட்ட கதையை வழிகாட்டி அங்கே சொன்னார். 1962 இல் சிக்லாப் பகுதியில் அந்த எலும்புகள் கிடைக்கத் தொடங்கின. 606 தாழிகளில் இந்தத் தூண்களுக்கு அடியில் இருக்கின்றன. 1967 பிப்ரவரி 15 இல் திறந்தார்கள். இதெல்லாம் முடிந்தபிறகு, கைப்பையை மூடிக்கொண்டே, "என் பாட்டியின் அண்ணனும் அந்த வரிசைக்குப் போனார். எந்தத் தாழி என்று எங்களுக்குத் தெரியாது" என்றார். அவ்வளவுதான். நன்றி சொல்லிக் கலைந்துவிட்டோம். நானும் கை குலுக்கினேன். அந்த அம்மாள் அப்பாவிடம் மட்டும் தலை குனிந்து வணக்கம் சொன்னார், வீரர் குடும்பம் அல்லவா!

இங்கே சிலர் சண்டைக்கு வருவீர்கள் என்று தெரியும். நேதாஜியைக் குறைத்துச் சொல்லவில்லை. மலாயாத் தோட்டங்களிலிருந்து தமிழ்க் கூலிகள் ஆயிரக்கணக்கில் அந்தப் படையில் சேர்ந்தார்கள், பெண்கள் ஜான்சி ராணிப் படையில் துப்பாக்கி பிடித்தார்கள். அது உண்மை என்பதால்தான் தாத்தாவின் பொய்யை ஊர் நம்பியது. அவரையும் நான் குறை சொல்லமாட்டேன். தங்கைக்குக் கல்யாணம் நடந்தது, நான்கு பிள்ளைகள், நல்ல வாழ்க்கை. அண்ணன் வீரன் என்ற நினைப்போடுதான் அந்தப் பாட்டி கண்ணை மூடினார்.

அன்று இரவு தூக்கம் வராமல் சயாம் ரயிலைப் பற்றி, அதாவது இன்றைய தாய்லாந்திலிருந்து பர்மாவுக்கு ஜப்பானியர் போட்ட பாதையைப் பற்றித் தேடிப் படித்தேன். பாதையின் நீளம் 415 கிலோமீட்டர், 1943 அக்டோபரில் முடித்துவிட்டார்கள். வேலைக்குக் கொண்டுபோன போர்க்கைதிகள் அறுபதாயிரத்துக்கு மேல். இறந்தவர்கள் பன்னிரண்டாயிரத்துக்கு மேல். அவர்களுக்குத் தாய்லாந்தின் காஞ்சனபுரியில் வெட்டிவிட்ட புல்லும் வரிசைக் கற்களும் உண்டு. ஆசியத் தொழிலாளர்கள் அவர்களைவிடப் பல மடங்கு அதிகம். மலாயாவிலிருந்து போனவர்களில் பெரும்பாலோர் தமிழர்கள். இறந்தவர்களைத் தொண்ணூறாயிரம் வரை மதிப்பிடுகிறார்கள். காலரா வந்த முகாம்களில் பிணத்தை எரித்தார்கள், குழியில் தள்ளினார்கள். கற்களில் பெயர் இல்லை. எங்கள் பெரிய தாத்தாவின் பெயரும் எதிலும் இல்லை. எங்கள் வீட்டில் இருந்ததோ இன்னொருவர் கதை. இரண்டரை மணி நேர நடையில் சயாம் ரயில் ஒரு வாக்கியம்கூட வரவில்லை என்று எனக்கு முதலில் கோபம்தான். பிறகு யோசித்தேன்: அந்தப் பூங்காவில், ஆள் பார்க்க, அதைச் சொல்ல வேண்டியவனே கால்வலி என்று மொழிபெயர்த்தவன்.

உங்கள் கேள்விக்கு மீதிப் பதில்: காலை நேர நடையாகப் பாருங்கள், பதினொன்றுக்கு மேல் பாடாங்கில் நிழல் கிடையாது. தண்ணீர் எடுத்துக்கொள்ளுங்கள். எனக்குத் தெரிந்து பெரும்பாலான நடைகள் ஆங்கிலத்தில்தான். அம்மாவுக்காக நீங்கள்தான் மொழிபெயர்க்க வேண்டியிருக்கும், ஒழுங்காகச் செய்யுங்கள். நடை முடிந்து தெம்பு இருந்தால் ரயிலில் ஃபேரர் பார்க் போய் இறங்குங்கள். 1942 பிப்ரவரி 17 அன்று ஏறத்தாழ நாற்பதாயிரம் இந்தியச் சிப்பாய்களை அந்த மைதானத்தில் நிறுத்திப் பிரிட்டிஷார் ஜப்பானியரிடம் ஒப்படைத்தார்கள். ஐ.என்.ஏ.வின் கதை அந்தத் திடலில்தான் தொடங்குகிறது. பக்கத்திலேயே லிட்டில் இந்தியா, சாப்பாட்டுக்குக் கவலை இல்லை.

இன்னும் ஒன்று. சென்ற மாதம் எங்கள் அலுவலகத்துப் பெண் ஒருவர் அதே நடைக்குப் போய்விட்டு வந்தார். கேத்தே முகப்பின் அடியில் வழிகாட்டி சொன்னாராம்: "போன ஆண்டு இந்தியாவிலிருந்து ஒரு முதியவர் வந்திருந்தார். அவருடைய பெரியப்பா இம்பாலில் போரிட்டு இறந்தவர். நினைவுக்கல்லின் முன்னால் அவரால் நிற்கவே முடியவில்லை." கேட்டவர்கள் கண் கலங்கினார்களாம். தன் வீட்டுக் கதையை ஒரே வரியில் முடிக்கிற மனுஷி, என் பொய்யைப் பத்திரமாக வைத்து ஒவ்வொரு குழுவுக்கும் சொல்லிக்கொண்டிருக்கிறார். திருத்தி எழுத இரண்டு முறை மின்னஞ்சல் தொடங்கினேன். "அன்புள்ள அம்மா" என்பதைத் தாண்டவில்லை.

நீங்கள் அடுத்த வாரமே போவதாக எழுதியிருக்கிறீர்கள். அங்கே அந்த முதியவர் கதையைக் கேட்டால், அது என் அப்பா. அவருக்குக் கால் வலிக்கவில்லை என்று அந்த அம்மாளிடம் சொல்லிவிடுங்கள்.