மஞ்சளில் கிழங்கு அழுகல்: டிரைக்கோடெர்மா ஏன் கேட்கவில்லை

நோயை அடக்கும் நன்மைப் பூஞ்சாணமான டிரைக்கோடெர்மாவையும், பூஞ்சாணக்கொல்லி மருந்தான கார்பன்டாசிமையும் ஒரே டிரம்மில் கலந்து ஊற்றியும் மஞ்சளில் அழுகல் நிற்கவில்லை என்கிறீர்கள். கோளாறு அந்தக் கலவையில்தான். கார்பன்டாசிம் டிரைக்கோடெர்மாவைக் கொன்றுவிடும். கிழங்கை அழுக வைக்கும் பித்தியம் என்ற நோய்க்கிருமியை ஒன்றும் செய்யாது. காசு கொடுத்து வாங்கியது செத்தது, எதிரி பிழைத்தான்.

அழுகிய தூரை மண்ணோடு தோண்டி அப்புறப்படுத்துங்கள், அது இனித் தேறாது. தண்ணீர் தேங்காமல் வடிகால் வெட்டுங்கள்.

மற்ற செடிகளுக்கு, ஏக்கருக்கு 1 கிலோ டிரைக்கோடெர்மா விரிடியை 50 கிலோ மக்கிய தொழுவுரத்தில் கலந்து, நிழலில் ஈரச்சாக்கு மூடி 10-15 நாள் வையுங்கள். பிடித்தால் உதிராத அளவு ஈரம் போதும். சொதசொதவென்று இருந்தால் கெட்டுப்போகும். பச்சைப் பூசணம் படர்ந்ததும் மாலையில் தூரைச் சுற்றிப் போட்டு மண் அணையுங்கள். மக்காத சாணம் வேண்டாம், அதன் சூட்டில் பூஞ்சாணம் வெந்துவிடும். பாக்கெட்டில் காலாவதித் தேதியையும் பாருங்கள்.