மகள் மெடிக்கல் கோடிங் போகலாமா? ஒரு தோள்பட்டையை வைத்துப் பேசுவோம்

உங்கள் மகள் மைக்ரோபயாலஜி முடித்துவிட்டு மெடிக்கல் கோடிங் கோர்ஸில் சேர்கிறேன் என்கிறாள். டாக்டர் எழுதிய குறிப்பைப் படித்து, அதிலுள்ள நோய்க்கு உரிய கோடை, அதாவது இன்ஷூரன்ஸ் பணம் கேட்கப் பயன்படும் குறியீட்டைப் போடுகிற வேலை அது. உங்களுக்கோ அது வெறும் டேட்டா என்ட்ரி, நாளைக்கு கம்ப்யூட்டரே செய்துவிடும் என்று பயம். பயப்படுவதில் தப்பில்லை அம்மா. ஆனால் சேரு, சேராதே என்று சொல்வதற்கு முன்னால், அந்த வேலையில் உட்கார்ந்திருப்பவர் நாள் முழுக்க என்னதான் செய்கிறார் என்று நீங்கள் இரண்டு பேரும் ஒருமுறை பார்த்துவிடுங்கள். இதற்காக நான் வழக்கமாக எடுத்துக்கொள்வது ஒரே ஒரு நோயைத்தான்: பழைய அடியால் பின்னாளில் வந்த தோள்பட்டை மூட்டுத் தேய்மானம். பார்க்கச் சின்ன விஷயம், ஆனால் இந்தத் தொழிலுக்கு ஒருவர் சரிப்படுவாரா என்பது இதிலேயே பெரும்பாலும் தெரிந்துவிடும்.

நோயைப் பற்றிச் சுருக்கமாக. தோளில் எலும்பு உடைகிறது, அல்லது மூட்டு நழுவுகிறது. காயம் ஆறிவிடும். ஆனால் உள்ளே இருக்கும் குருத்தெலும்பு அடிபட்டிருந்தாலோ, எலும்பு கூடும்போது மூட்டின் பரப்பு மேடுபள்ளமாகிவிட்டாலோ, வருடங்கள் கழித்து மூட்டு தேய ஆரம்பிக்கும். வலி, இறுக்கம், கையைத் தலைக்கு மேல் தூக்க முடியாத நிலை. எக்ஸ்ரேயில் மூட்டு இடைவெளி குறைந்து, ஓரங்களில் எலும்பு முளைத்திருக்கும். இதற்கு போஸ்ட்-ட்ராமாட்டிக் ஆஸ்டியோஆர்த்ரைடிஸ் என்று பெயர்.

அவள் படிக்கப்போவது அமெரிக்க மருத்துவமனைகள் பயன்படுத்தும் முறையாகத்தான் இருக்கும். அங்கே 2015 அக்டோபர் 1 முதல் நோய்க்கான கோட் எல்லாம் ஐசிடி-10-சிஎம் என்ற தொகுப்பிலிருந்துதான், அதில் 70,000க்கும் மேற்பட்ட குறியீடுகள் உண்டு. நம் நோயாளிக்கு வலது தோள் என்றால் எம்19.111, இடது என்றால் எம்19.112. இதை மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை, பிரித்துப் பார்க்கத் தெரிந்தால் போதும். எம்19 என்பது பிற மூட்டுகளின் ஆஸ்டியோஆர்த்ரைடிஸ். புள்ளிக்கு அடுத்த 1 அடிபட்டதால் வந்தது, அடுத்த 1 தோள், கடைசி 1 வலது பக்கம். இரண்டு தோளிலும் இருந்தால் இரண்டு கோடையும் போட வேண்டும், ஏனென்றால் இடுப்புக்கும் முழங்காலுக்கும் இருப்பதுபோல இருபக்கத்துக்குமான தனிக் கோட் தோளுக்கு இல்லை. ஏன் இல்லை என்று என்னைக் கேட்காதீர்கள், புத்தகம் அப்படித்தான் இருக்கிறது.

இதுவரை உங்கள் பயம் சரி, இதை மெஷினே செய்யும். இனிமேல்தான் விஷயம்.

ஒரு மருத்துவக் குறிப்பு இப்படி இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம் (நான் கற்பனையாக எழுதியது): ‘62 வயது ஆண். பல வருடங்களுக்கு முன் பைக்கிலிருந்து விழுந்ததில் வலது மேற்கை எலும்பின் மேல்முனையில் முறிவு, சிகிச்சை பெற்று ஆறியது. தற்போது வலது தோளில் வலி. எக்ஸ்ரேயில் மூட்டு இடைவெளி குறைவு. முடிவு: வலது தோள் ஆஸ்டியோஆர்த்ரைடிஸ்.’ உங்கள் மகளிடம் இதைக் காட்டி எந்தக் கோட் என்று கேளுங்கள். புத்திசாலிப் பெண் என்றால் உடனே எம்19.111 என்பாள். எலும்பு உடைந்திருக்கிறது, அதே தோள் தேய்ந்திருக்கிறது, வேறென்ன காரணம் இருக்க முடியும்?

அங்கேதான் சறுக்கல். முறிவால்தான் தேய்மானம் வந்தது என்று டாக்டர் எங்கேயும் எழுதவில்லை. முறிவு ஒரு வரியில் இருக்கிறது, தேய்மானம் இன்னொரு வரியில் இருக்கிறது, இரண்டையும் சேர்த்து முடிச்சுப் போட்டது நாம். அப்படிப் போட கோடருக்கு அதிகாரம் கிடையாது. காரணம் எழுதாத தோள் ஆஸ்டியோஆர்த்ரைடிஸை கோட் புத்தகத்தின் அகரவரிசைப் பட்டியலில் தேடினால் அது எம்19.011 பக்கம், அதாவது தானாக வந்த தேய்மானத்தின் பக்கம்தான் கொண்டுபோய் விடும். சந்தேகம் வலுவாக இருந்தால் டாக்டருக்கு ஒரு கேள்வி அனுப்பலாம், இதைத் தொழிலில் க்வெரி என்பார்கள். அதிலும் ‘இது பழைய முறிவால் வந்ததுதானே?’ என்று பதிலை வாயில் திணிக்கிற மாதிரி கேட்கக் கூடாது. இந்த ஆஸ்டியோஆர்த்ரைடிஸின் வகை அல்லது காரணத்தைத் தெளிவுபடுத்த முடியுமா என்று, அவர் எந்தப் பதிலும் சொல்லக்கூடிய விதத்தில் கேட்க வேண்டும்.

டாக்டர் ஆமாம், பழைய முறிவின் பின்விளைவு என்று எழுதிவிட்டார் என்று வையுங்கள். இப்போது எம்19.111 முதலில் வரும், அதன் பின்னால் அந்தப் பழைய முறிவின் கோட், ஏழாவது இடத்தில் எஸ் என்ற எழுத்தோடு: குறிப்பில் முறிவின் வகை சொல்லப்படாததால் எஸ்42.201எஸ். கடைசி எஸ் பின்விளைவைக் குறிப்பது, முறிவு நேற்று நடந்ததா முப்பது வருடத்துக்கு முன் நடந்ததா என்பது பொருட்டில்லை, அதற்குக் காலவரம்பே கிடையாது. புதிதாக வருபவர்கள் இந்த வரிசையை மாற்றிப் போடுவார்கள், அல்லது ஆறிப்போன முறிவுக்குப் புது முறிவின் ஏ எழுத்தைப் போட்டுவிடுவார்கள். அப்புறம் வலிக்கென்று தனியாக எம்25.511 சேர்ப்பார்கள். தேய்மானம் என்று நோயே உறுதியான பிறகு அதன் வழக்கமான அறிகுறிக்குத் தனிக் கோட் எதற்கு? இன்னொரு பொறியும் உண்டு: ட்ராமாட்டிக் ஆர்த்ரோபதி, வலது தோள், எம்12.511. பெயரைப் பார்த்தால் இதுவும் அதேதான் என்று தோன்றும். ஆனால் அந்தப் பிரிவின் கீழேயே எக்ஸ்க்லூட்ஸ்1 என்று போட்டு எம்19.1 வகையை விலக்கியிருக்கிறார்கள், அதாவது ஒரே மூட்டுக்கு இரண்டையும் சேர்த்துப் போடக் கூடாது. பெயரை வைத்து முடிவு செய்யாமல் அதன் கீழே பொடி எழுத்தில் இருப்பதைப் படிக்கிறவர்தான் இங்கே தேறுவார்.

எனக்குப் பிடித்த ஒரு நுணுக்கம். டாக்டர் வலதா இடதா என்று எழுத மறந்துவிட்டால், நோயாளியைக் கவனித்த நர்ஸ் போன்ற வேறு மருத்துவப் பணியாளர் எழுதியதிலிருந்து பக்கத்தை எடுத்துக்கொள்ள விதிமுறை இடம் தருகிறது. ஆனால் நோயை அப்படி எடுக்க முடியாது, அதை டாக்டர்தான் சொல்ல வேண்டும். அதே மாதிரி வெளிநோயாளி குறிப்பில் ‘இருக்கலாம்’, ‘சந்தேகம்’ என்று எழுதியதை நோயாகக் கோட் செய்யக் கூடாது. உள்நோயாளியாக இருந்து டிஸ்சார்ஜ் ஆகும்போது அப்படி எழுதியிருந்தால் பெரும்பாலும் செய்யலாம்.

இப்போது உங்கள் கேள்விக்கு வருகிறேன். கோடைப் பரிந்துரைக்கும் மென்பொருள்கள் ஏற்கனவே வந்துவிட்டன, இன்னும் வரும். வெறும் சொல்லைத் தேடிக் கோட் போடுகிற வேலை சுருங்கும், இதை உங்களிடம் மறைக்க மாட்டேன். ஆனால் மென்பொருள் முறிவையும் தேய்மானத்தையும் ஒரே பக்கத்தில் பார்த்துவிட்டு எம்19.111 என்று நீட்டும்போது, ‘இதை டாக்டர் எங்கே சொன்னார்?’ என்று கேட்கிற ஆள் தேவைப்படுகிறார். தப்பான கோடால் இன்ஷூரன்ஸ் பணம் நிற்கும். விபத்தால் வந்தது என்று கோட் போனால் செலவை யார் ஏற்பது, வாகன இன்ஷூரன்ஸா வேலை செய்த இடத்து இன்ஷூரன்ஸா என்ற கேள்வியும் கிளம்பலாம். அதனால் உங்கள் மகள் ஆடிட்டிங் வரை, அதாவது மற்றவர்கள் போட்ட கோட் சரியா என்று சோதிக்கிற வேலை வரை போகிற எண்ணத்தோடு வந்தால் சரி, டைப்பிங் வேகத்தை நம்பி வந்தால் வேண்டாம் என்பேன்.

அவள் குணத்தையும் பாருங்கள். எதையும் சீக்கிரம் ஊகித்து முடிவுக்கு வருகிற பெண்ணா? அது நல்ல குணம்தான், ஆனால் இந்த நாற்காலியில் அதுவே எதிரி. எழுதாததை எழுதாததாகவே விட்டுவைக்கிற பொறுமை வேண்டும். தினசரி எண்ணிக்கை இலக்கும் உண்டு, கூடவே பல இடங்களில் 95 சதவீதத் துல்லியம் கேட்பார்கள், இரண்டும் சேர்ந்து அழுத்தும்.

கோர்ஸுக்குப் பணம் கட்டுவதற்கு முன் ஒரு வேலை செய்யச் சொல்லுங்கள். ஐசிடி-10-சிஎம் விதிமுறைத் தொகுப்பு அமெரிக்க அரசின் நோய்த் தடுப்பு மையமான சிடிசியின் தளத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. அதில் பின்விளைவு பற்றிய பகுதி, 13ஆவது அத்தியாயமான எலும்பு-தசை, 19ஆவது அத்தியாயமான காயங்கள், இந்த மூன்றை மட்டும் படிக்கட்டும். ஒரு வாரத்தில் தூக்கம்தான் வருகிறது என்றால் பணம் மிச்சம். கேள்விகளோடு வந்தாள் என்றால் சேர்த்துவிடுங்கள். உடலமைப்பியலை ஒழுங்காக நடத்துகிற இடமா, நிஜ ரெக்கார்டு மாதிரியான முழுக் குறிப்புகளில் பயிற்சி தருகிறார்களா என்று மட்டும் விசாரியுங்கள். ‘வேலை உத்தரவாதம்’ என்ற போர்டை நான் கணக்கிலேயே எடுப்பதில்லை.

சான்றிதழ் என்றால் ஏஏபிசி என்ற அமெரிக்கக் கோடிங் அமைப்பு நடத்தும் சிபிசி (சர்டிஃபைடு புரொஃபஷனல் கோடர்) தேர்வைப் பலர் எழுதுகிறார்கள்: 100 கேள்வி, 4 மணி நேரம், கோட் புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொண்டே எழுதலாம். அனுபவம் இல்லாமல் தேறினால் பெயருக்குப் பின்னால் சிபிசி-ஏ என்று, பயிற்சி நிலை என்பதைக் காட்டும் ஏ சேர்ந்து வரும், அனுபவத்தைக் காட்டிய பிறகு அதை எடுத்துவிடுவார்கள். அப்புறம், ஒவ்வொரு அக்டோபர் 1ஆம் தேதியும் கோட்கள் திருத்தப்படும், அதனால் யாரோ படித்து முடித்த பழைய பதிப்பு மலிவாகக் கிடைக்கிறதே என்று வாங்கிவிடாதீர்கள்.