பெண் வீட்டாரும் மாப்பிள்ளை வீட்டாரும் – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ரத்தி, ஜின்னா திருமணம் பற்றிய உங்கள் நாவலைப் போன வாரம்தான் முடித்தேன். படிக்கும்போது கீழே வைக்க முடியவில்லை. முடித்த பிறகு எரிச்சலாக இருந்தது. அந்த எரிச்சலில்தான் எழுதுகிறேன்.

முதலாவது, ஜின்னாவை நீங்கள் சுலபமாகத் தப்பவிட்டுவிட்டீர்கள். நண்பர் குடும்பத்தோடு விடுமுறைக்குப் போன நாற்பது வயதுக்காரர், அந்த வீட்டுப் பதினாறு வயதுப் பெண்ணை விரும்புகிறார். இன்று இதற்கு நாம் என்ன பெயர் வைப்போம் என்று உங்களுக்கே தெரியும். கல்யாணம் முடிந்ததும் அவளை மலபார் ஹில் பங்களாவில் உட்கார வைத்துவிட்டு கோர்ட், சட்டசபை என்று அலைகிறார். 29 வயதில் அவள் செத்துப்போகிறாள். இதில் இரண்டு பக்க நியாயம் எங்கிருந்து வந்தது?

இரண்டாவது, கதை சூடுபிடிக்கிற இடத்தில் நிறுத்திவிட்டு 1908-ஆம் ஆண்டு பார்சி வழக்கு ஒன்றைப் பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறீர்கள். என் கணவர் அங்கே மூடிய புத்தகத்தை இன்னும் திறக்கவில்லை.

மூன்றாவது, எல்லோரும் சொல்லும் அந்த சாண்ட்விச் சம்பவம் எங்கே? தேர்தல் நாளன்று ரத்தி பன்றி இறைச்சி சாண்ட்விச்சைக் கூடையில் கொண்டுவந்து நீட்ட, முஸ்லிம் தொகுதியில் நிற்கும் ஜின்னா பதறிப்போகிறாரே, அது. அதற்காகவே காத்திருந்தேன்.

கடைசியாக ஒன்று. ரத்தியின் சாவோடு முடித்துவிட்டீர்களே, மகள் தீனாவின் கதை இரண்டாம் பாகமாக வருமா?

அன்புடன்,
ஆர்., சேலம்

*

அன்புள்ள ஆர்.,

நாவல் வெளிவந்ததிலிருந்து வரும் கடிதங்களைப் படித்தால் ஏதோ குடும்பப் பஞ்சாயத்தில் உட்கார்ந்திருப்பது போல இருக்கிறது. பாதிப்பேர் பெண் வீட்டார். ஜின்னா கல்நெஞ்சக்காரர், கேஸ் கட்டைத் தவிர எதையும் தொட்டுப் பார்க்காதவர் என்கிறார்கள். மீதிப்பேர் மாப்பிள்ளை வீட்டார். செல்லம் கொடுத்துக் கெட்டுப்போன கோடீஸ்வரப் பெண், பொதுக்காரியத்தில் இருந்த மனிதனின் நிம்மதியைக் கெடுத்தாள் என்கிறார்கள். நீங்கள் பெண் வீட்டார். சரி, அந்தப் பக்கத்திலிருந்தே பேசுவோம்.

வயது விஷயத்தில் உங்களோடு வாதாட என்னிடம் எதுவும் இல்லை. ஜின்னா பிறந்தது 1876. ரத்தியின் அப்பா, பம்பாய்ப் பார்சிக் கோடீஸ்வரர் சர் தின்ஷா பெட்டிட் பிறந்தது 1873. மாமனாருக்கும் மருமகனுக்கும் மூன்றே வயதுதான் வித்தியாசம். ரத்தி 1900-இல் பிறந்தவள். டார்ஜிலிங் விடுமுறை 1916-இல். இந்த நான்கு எண்களையும் முதல் அத்தியாயத்திலேயே வைத்திருக்கிறேன். அதற்குமேல் நான் வாசகரின் தோளைத் தட்டி ‘பார்த்தீர்களா, எவ்வளவு தப்பு’ என்று சொல்ல வேண்டுமா என்ன? ஆனால் ரத்தியை வெறுமனே ஏமாந்த குழந்தையாக எழுத எனக்கு மனம் வரவில்லை. மேஜராகும்வரை மகள் ஜின்னாவைக் கல்யாணம் செய்துகொள்ளக் கூடாது என்று அப்பா கோர்ட்டில் தடை வாங்குகிறார். பெண் பதினெட்டு வயது வரை பொறுத்திருந்து, 1918 பிப்ரவரியில் பிறந்தநாளைத் தாண்டி, ஏப்ரலில் வீட்டைவிட்டு வெளியேறுகிறாள். இரண்டு வருடம் காத்திருந்து எடுத்த முடிவு அது. அதை ஒரு நாற்பது வயதுக்காரரின் தந்திரம் என்று மட்டும் எழுதினால் அவளிடமிருந்து அந்த முடிவையும் பிடுங்கிக்கொண்டதாகும்.

உங்கள் கணவர் மூடிவைத்த இடத்துக்கு வருகிறேன். நாவலில் எனக்கு மிகவும் தேவைப்பட்ட அத்தியாயம் அதுதான், அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

ஆர்.டி. டாடா, சூசான் பிரியேர் என்ற பிரெஞ்சுப் பெண்ணை மணந்துகொண்டார். ஜே.ஆர்.டி. டாடாவின் பெற்றோர் இவர்கள்தான். அந்தப் பெண் பார்சிகளின் மதமான ஜொராஸ்ட்ரிய மதத்தில் முறைப்படி சேர்ந்தார். சேர்ந்தவருக்கு அக்கினிக் கோயிலுக்குள் போகும் உரிமையும் பார்சி அறக்கட்டளைச் சொத்துகளில் பங்கும் உண்டா என்று பம்பாய் ஹைகோர்ட்டில் வழக்கு நடந்தது. உண்டு என்று வாதாடிய பக்கத்தில் முதல் வாதியாக நின்றவர் யார் தெரியுமா? சர் தின்ஷா பெட்டிட். அதே மனிதர்தான். வெளியிலிருந்து ஒரு பெண் தன் சமூகத்துக்குள் வருவதற்காகக் கோர்ட் ஏறியவர், எட்டு வருடம் கழித்துத் தன் பெண் வெளியே போவதைத் தடுக்கவும் கோர்ட் ஏறுகிறார்.

டார்ஜிலிங்கில் ஜின்னா தின்ஷாவிடம், சமூகம் விட்டுச் சமூகம் கல்யாணம் செய்வது பற்றி என்ன நினைக்கிறீர்கள் என்று கேட்டாராம். நாட்டு ஒற்றுமைக்கு நல்லது என்று தின்ஷா சொல்ல, அப்படியானால் உங்கள் மகளைக் கொடுங்கள் என்றாராம் ஜின்னா. இந்தக் கதையைச் சொல்கிற எல்லோரும் தின்ஷாவைப் போலி என்று சிரித்துவிட்டுப் போகிறார்கள். வழக்கைப் படித்தபின் எனக்கு அப்படித் தோன்றவில்லை. நீதிபதிகள் தாவரும் பீமனும் 1908-இல் சொன்ன தீர்ப்பைப் பாருங்கள். மதத்தில் சேர்ந்த சூசானுக்கு உரிமை இல்லை. ஆனால் பார்சித் தகப்பனுக்கு வேற்றுச் சமூகப் பெண்ணிடம் பிறந்து, முறைப்படி மதத்தில் சேர்க்கப்பட்ட பிள்ளைகள் பார்சிகள்தான் என்று தாவர் வகுத்தார். பார்சித் தாய்க்கு வெளியாரிடம் பிறக்கும் பிள்ளைகளுக்கு அந்த வரையறையில் இடமே இல்லை. தின்ஷா ஆதரித்ததெல்லாம் மருமகள்கள் உள்ளே வருவதைத்தான். மகள் வெளியே போவதைப் பற்றி அதுவரை யாரும் அவரிடம் கேட்டதில்லை. பொய் சொல்லாமலேயே அவரால் இரண்டு பக்கமும் நிற்க முடிந்திருக்கிறது. நம் ஊர் சீர்திருத்தக்காரர்கள் வீட்டிலும் இதே நிலவரத்தைப் பார்த்திருப்பீர்கள்.

இன்னொரு சட்டமும் இருக்கிறது. 1918-இல் ஒரு முஸ்லிமும் ஒரு பார்சியும் மதம் மாறாமல் பதிவுத் திருமணம் செய்துகொள்ள வேண்டுமானால் 1872-ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்றுதான் வழி. அதன்படி இருவரும், தாங்கள் இந்து, முஸ்லிம், பார்சி என எந்த மதத்தையும் பின்பற்றவில்லை என்று உறுதிமொழி எழுதித்தர வேண்டும். இந்த நிபந்தனையை நீக்க 1912-இல் பூபேந்திரநாத் பாசு கொண்டுவந்த மசோதாவை ஆதரித்துச் சட்டசபையில் பேசியவர் ஜின்னா. தன் சமூகத்திலேயே எதிர்ப்பு இருக்கிறது என்று தெரிந்துதான் பேசினார். மசோதா தோற்றது. ஆறு வருடம் கழித்து அதே சட்டம் அவர் வாசலிலேயே வந்து நிற்கிறது. மதமில்லை என்று எழுதிக் கொடுத்தால் பம்பாய் முஸ்லிம்களின் பிரதிநிதியாகச் சட்டசபையில் நீடிக்க முடியாது. ஆக, மாறியது ரத்தி. ஏப்ரல் 18-இல் மதமாற்றம், 19-இல் நிக்காஹ். மாப்பிள்ளை பெண்ணுக்குத் தர வேண்டிய மஹர் 1001 ரூபாய். அதற்குமேல் அவர் அன்பளிப்பாகக் கொடுத்தது ஒன்றேகால் லட்சம். பார்சிப் பஞ்சாயத்து அவளைத் தள்ளிவைத்தது. பெட்டிட் வீட்டுக் கதவு மூடிக்கொண்டது.

அப்புறம் என்ன நடந்தது? ஒரு வருடம்கூட ஆகவில்லை. 1919 மார்ச்சில் ரௌலட் சட்டத்தை எதிர்த்து ஜின்னா அந்தச் சட்டசபை இடத்தை ராஜினாமா செய்துவிட்டார். நல்ல காரணம்தான், நானும் கைதட்டுகிறேன். ஆனால் அவர் தூக்கிப்போட்டது திரும்ப எடுத்துக்கொள்ளக் கூடிய பொருள். 1923-இல் திரும்பப் போய் உட்காரவும் செய்தார். அவள் விட்டுவந்ததைத் திரும்ப எடுத்துக்கொள்ள வழி இருக்கவில்லை. இதை நானாகக் கற்பனை செய்து எழுதியிருந்தால் செயற்கையாக இருக்கிறது என்று எடிட்டர் அடித்திருப்பார். ஆகவே ஜின்னாவைத் தப்பவிட்டேன் என்று நீங்கள் சொல்வதை என்னால் ஏற்க முடியவில்லை. அவர் வீட்டுக்கு லேட்டாக வந்தார் என்பதைவிட இது பெரிய குற்றச்சாட்டு. என்ன, சத்தம் போடாமல் வைத்திருக்கிறேன்.

மாப்பிள்ளை வீட்டாருக்கும் ஒன்று சொல்ல வேண்டும். அரசியலுக்கு இடைஞ்சலாக இருந்த மனைவி என்கிறார்களே, 1918 டிசம்பர் 11-ஆம் தேதியை அவர்கள் மறந்துவிட்டார்கள். கவர்னர் வில்லிங்டனுக்குப் பம்பாய் டவுன் ஹாலில் பாராட்டுக் கூட்டம் நடக்கவிடாமல் ஜின்னா ஆட்களோடு போய் உட்கார்ந்த நாள் அது. கூட இருந்தவர்களில் ரத்தியும் ஒருத்தி. கூட்டம் கலைந்தது. அந்த வெற்றிக்காக மக்கள் ரூபாய் ரூபாயாகப் போட்டுக் கட்டிய ஜின்னா ஹால் இன்றும் பம்பாய் காங்கிரஸ் ஹவுஸ் வளாகத்துக்குள்தான் இருக்கிறது.

சாண்ட்விச் விஷயம். அதை எழுதிவைத்தவர் எம்.சி. சாக்ளா. இளவயதில் ஜின்னாவின் ஜூனியர், பிறகு அரசியலில் அவரை விட்டு விலகியவர். சம்பவம் நடந்து பல பத்தாண்டுகளுக்குப் பிறகு 1973-இல் வெளியான சுயசரிதையில் அது வருகிறது. நடக்கவில்லை என்று நான் சொல்லவில்லை. ஆனால் ரத்தி பற்றிய இந்த மாதிரிக் கதைகள் எல்லாமே ஒரு பஞ்ச் வசனத்தோடு முடிகின்றன, அவளை ஒரு துடுக்குப் பெண்ணாக மட்டும் விட்டுவிட்டுப் போகின்றன. எனக்கு வேண்டிய ரத்தி, நண்பர் காஞ்சி துவாரகாதாஸுக்குக் கடிதம் எழுதுகிறவள். ஜின்னாவைப் போய்ப் பார்த்து எப்படி இருக்கிறார் என்று எழுதுங்கள், அளவுக்கு மீறி வேலை செய்வது அவர் வழக்கம், தொந்தரவு செய்து கிண்டல் பண்ண நான் பக்கத்தில் இல்லாததால் இன்னும் மோசமாக இருப்பார் என்கிறாள். இந்த ஒரு வேண்டுகோளில் தெரிகிற மனைவி சாண்ட்விச் கூடையில் எனக்குக் கிடைக்கவில்லை.

ரத்தியின் சாவோடு ஏன் முடித்தேன் என்று கேட்டிருந்தீர்கள். 1928 தொடக்கத்தில் அவள் ஜின்னாவின் வீட்டைவிட்டுத் தாஜ் ஹோட்டலுக்குப் போய்விட்டாள். அதே வருடம் பாரிஸில் கடும் காய்ச்சலில் கிடந்தபோது ஜின்னா விரைந்து வந்து, மருத்துவமனையை மாற்றி, ஒரு மாதத்துக்கு மேல் கூடவே இருந்தார். நோயாளிக்குக் கொடுத்த சாப்பாட்டையே அவரும் சாப்பிட்டார் என்று நண்பர் திவான் சமன்லால் சொல்லியிருக்கிறார். உடம்பு தேறியதும் இருவரும் மறுபடி பிரிந்தார்கள். அக்டோபர் 5-ஆம் தேதி மார்செய்ல்ஸிலிருந்து அவள் எழுதிய கடிதத்தில், நீங்கள் பறித்த பூவாக என்னை நினைவில் வைத்திருங்கள், மிதித்த பூவாக வேண்டாம் என்று கேட்கிறாள். உங்களைக் கொஞ்சம் குறைவாக நேசித்திருந்தால் உங்களோடு இருந்திருப்பேன் என்றும் சொல்கிறாள். கல்நெஞ்சன், செல்லப் பெண் என்ற இரண்டு பொம்மைகளையும் வைத்துக்கொண்டு இந்த ஒரு வருடத்தை யாராலும் விளக்க முடியாது.

1929 பிப்ரவரி. ஜின்னா டெல்லியில் வெஸ்டர்ன் கோர்ட் என்ற விடுதியில் தங்கியிருக்கிறார். அறையில் சமன்லாலும் இருக்கிறார். பம்பாயிலிருந்து டிரங்க் கால். பேசி முடித்த ஜின்னா, ரத்திக்கு உடம்பு ரொம்ப முடியவில்லையாம், இன்றிரவே கிளம்ப வேண்டும் என்கிறார். பேசியது யார் தெரியுமா, என் மாமனார். கல்யாணத்துக்குப் பிறகு எங்களுக்குள் இதுதான் முதல் பேச்சு என்கிறார். ஏறத்தாழ பதினொரு வருடம்! உண்மையில் ரத்தி அதற்குள் இறந்துவிட்டிருந்தாள், அவளுடைய இருபத்தொன்பதாவது பிறந்தநாளில். டார்ஜிலிங்கில் தின்ஷாவும் ஜின்னாவும் பேசிய பேச்சில் தொடங்கிய நாவல், அவர்கள் மறுபடி பேசிக்கொள்ளும்போது முடிவதுதான் சரி என்று பட்டது. இதற்குத்தான் அந்த வழக்கும் தேவைப்பட்டது. தின்ஷா யாரென்று தெரியாமல் அந்த போன் வெறும் துக்கச் செய்தியாகப் போய்விடும்.

இரண்டாம் பாகம் வராது. தீனா 1938-இல் பார்சிக் குடும்பத்தைச் சேர்ந்த நெவில் வாடியாவைக் கல்யாணம் செய்ய நின்றபோது ஜின்னா எதிர்த்தார், அன்று ரத்தியின் அப்பா தின்ஷா நின்ற இடத்தில் அவரே நின்றார். தலைப்புப் போல எழுதிவைக்க அழகாகத்தான் இருக்கும். ஆனால் 1938-இன் ஜின்னா முஸ்லிம் லீக் தலைவர்; அவரை எழுதினால் லாகூர்த் தீர்மானமும் கல்கத்தாக் கலவரமும் பிரிவினையும் உள்ளே வந்தாக வேண்டும், தீனா ஓர் ஓரத்தில் நின்று பார்க்கிற பாத்திரமாகிவிடுவார். 2017 வரை நியூயார்க்கில் வாழ்ந்த அவர் தன் அப்பாவைப் பற்றி வெளியே அதிகம் பேசியதும் இல்லை. அவர் சொல்லாததை நான் இட்டுக்கட்டி எழுதப் போவதில்லை. அடுத்து வேறொரு நாவல் ஓடிக்கொண்டிருக்கிறது, அதில் கல்யாணமே கிடையாது.

அன்புடன்.